மேலிருந்து எண்ணாத ஒரு நாள்

நான் வேலை பார்த்த ஆஸ்பத்திரியில் புது மெஷின் வாங்கியிருக்கிறார்களாம். முதுகெலும்புகளை அதுவே எண்ணி, நம்பர் போட்டுத் திரையில் காட்டுமாம். இதைச் சொல்வதற்காக என் பழைய ஜூனியர் கவிதா நெல்லித்தோப்பில் இருக்கும் என் வீடு வரை வந்தாள். காபி குடித்துவிட்டுப் போய்விடுவாள் என்று நினைத்தேன். பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்து மேஜையில் வைத்தாள்.

"மேடம், புதுசா சேந்தவங்களுக்குப் படிக்கக் குடுக்கணும். உங்க அனுபவத்த ஒரு நாலு பக்கம் எழுதிக் குடுங்க. நல்ல விசயமா எழுதுங்க."

நல்ல விஷயங்களை எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். ஆஸ்பத்திரி ஆண்டு மலரைப் புரட்டினால் நாங்கள் எல்லோரும் தப்பே செய்யாதவர்கள் என்று தெரியும். அதனால் நான் செய்த தப்பை எழுதுகிறேன். வேண்டுமானால் கவிதா கிழித்துக்கொள்ளட்டும்.

என் வேலை ஆபரேஷன் தியேட்டரில் எக்ஸ்ரே எடுப்பது. கோரிமேட்டில் இரண்டு வருடம் டிப்ளமா படித்தேன். அங்கே உருப்படியாகக் கற்றுக்கொண்டது, "மூச்ச இழுத்துப் புடிங்க, ஆடாதீங்க" என்று அதட்டாமல் சொல்வது. மற்றதெல்லாம் வேலையில் கற்றது. கடைசிப் பன்னிரண்டு வருடம் சி-ஆர்ம் மெஷினோடு கழிந்தது. ஆங்கில சி எழுத்தைப் போல வளைந்த ஒரு பெரிய இரும்புக் கை அது. ஒரு முனையிலிருந்து கதிர் வரும், மறு முனை அதை வாங்கிக்கொள்ளும், நடுவில் நோயாளி படுத்திருப்பார். மிதியை அழுத்தினால் எலும்பு திரையில் தெரியும். கதிர் நம் மேல் படாமல் இருக்க ஈய அங்கி போட்டுக்கொண்டு நிற்க வேண்டும். அதன் கனத்தில் தியேட்டரில் எங்கள் எல்லோருக்குமே முதுகு வலி. முதுகு வலிக்கு வைத்தியம் நடக்கும் அறையில் வலி இல்லாமல் இருப்பது மயக்கத்தில் இருக்கும் நோயாளி ஒருவர்தான்.

என் பெயர் லூர்து மேரி. நோயாளிகளுக்கு நர்சம்மா. திருத்துவதை விட்டுப் பல வருடம் ஆகிறது.

எங்கள் முதுகெலும்பு டாக்டர் மரியநாதன். சொல்தா வீட்டுப் பிள்ளை, அதாவது அப்பா பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து பென்ஷன் வாங்கியவர். டாக்டர் யாரையும் அதட்டி நான் பார்த்ததில்லை. தரை துடைக்கிறவர்களைக்கூட "நீங்க" என்றுதான் சொல்வார். கோபம் வந்தால் குரல் இன்னும் இறங்கும். ரொம்பக் கோபம் வந்தால் "துஸ்மான்" என்பார். பிரெஞ்சில் மெதுவாக என்று அர்த்தம். யாருக்குச் சொல்கிறார் என்று தெரியாது. பாதி நேரம் தனக்கே சொல்லிக்கொள்வார் என்று நினைக்கிறேன்.

அவரிடம் வருகிறவர்களில் பாதிப் பேருக்கு ஸ்டெனோசிஸ் இருக்கும். இடுப்புப் பக்கத்து முதுகெலும்பில் நரம்பு போகும் வழி குறுகிவிடுவது. வயதாக ஆக எலும்பு தடிக்கும், அதை ஒட்டிய சவ்வு தடிக்கும், நரம்புக்கு இடம் இருக்காது. நிமிர்ந்து நடந்தால் வழி இன்னும் நெருங்கும், கால் மரத்துக் கனத்துப்போகும். குனிந்தால் வழி கொஞ்சம் திறக்கும், வலி விட்டுவிடும். அதனால் இந்த நோய்க்காரர்கள் சைக்கிளில் ஊரைச் சுற்றி வருவார்கள், பஸ் ஸ்டாப் வரை நடக்க மாட்டார்கள். வீட்டில் இருப்பவர்கள் நம்பவும் மாட்டார்கள்.

டாக்டருக்கு ஸ்கேனைப் பார்ப்பதற்கு முன் நோயாளியோடு நடக்க வேண்டும். வராந்தாவில் பதினோரு கதவுகள். இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டு கூடவே நடப்பார். மழை பற்றி, மீன் பற்றி எதையாவது பேசுவார். எந்தக் கதவில் நோயாளி சுவரைப் பிடிக்கிறார் என்று பார்த்து அதை மட்டும் எழுதுவார். அப்புறம் மருந்துத் தள்ளுவண்டியைக் கொடுத்து, அதன் மேல் சாய்ந்துகொண்டு நடக்கச் சொல்வார். தனியாக நாலு கதவு நடந்தவர் வண்டியோடு பதினோரு கதவும் போனால் டாக்டருக்குப் பாதி வேலை முடிந்தது.

வைத்தியத்தைப் படிப்படியாகத்தான் சொல்வார். முதலில் பயிற்சியும் மாத்திரையும். அது போதவில்லை என்றால் வாலெலும்புப் பக்கமாக நரம்பைச் சுற்றி மருந்து ஏற்றும் ஊசி. அதற்கும் மேலே என்றால் சின்ன ஓட்டை ஆபரேஷன். எலும்பு நிலை தவறி ஆடினால் மட்டும் பெரிய வெட்டு, ஸ்க்ரூ எல்லாம். "எது டாக்டர் நல்லது?" என்று கேட்பவர்களுக்கு, "எதுல நிறுத்த முடியுதோ அது நல்லது" என்பார்.

சின்ன ஓட்டை ஆபரேஷனுக்கு ஒரு கட்டை விரல் அகலத்துக்குத்தான் வெட்டு. அதற்குள் ஒரு மெல்லிய கம்பி, அதன் மேல் ஒரு குழாய், அந்தக் குழாயின் மேல் இன்னொரு குழாய் என்று ஒன்றைவிட ஒன்று பெரிதாக இறக்குவார்கள். தசையை வெட்டாமல் ஒதுக்கும் முறை இது. கடைசிக் குழாயின் வழியாக மைக்ராஸ்கோப்பில் பார்த்துக்கொண்டே எலும்பைச் சுரண்டி, தடித்த சவ்வை எடுத்து நரம்புக்கு இடம் விடுவார். மறுநாள் நோயாளி நடந்து வீட்டுக்குப் போகலாம். இதில் ஒரே ஒரு சங்கடம். பழைய முறையில் முதுகைப் பெரிதாகத் திறந்தால் மேலும் கீழும் நாலு எலும்பு கண்ணுக்குத் தெரியும். இதில் குழாயின் அடியில் இருப்பது மட்டும்தான் தெரியும். அது எத்தனையாவது எலும்பு என்று அதில் எழுதியிருக்காது. எக்ஸ்ரே எடுக்கும் ஆள் எண்ணிச் சொல்ல வேண்டும். அந்த ஆள் நான்.

எண்ணுவதற்கு டாக்டர் ஒரு முறை வைத்திருந்தார். இடுப்பில் ஐந்து எலும்பு. அடியில் இருக்கும் பெரிய முக்கோண எலும்பிலிருந்து மேலே ஒருமுறை எண்ண வேண்டும். அப்புறம் மெஷினை மேலே நகர்த்தி, கடைசி விலா ஒட்டியிருக்கும் எலும்பைப் பிடித்து, அங்கிருந்து கீழே ஒருமுறை எண்ண வேண்டும். இரண்டும் ஒத்துப்போனால்தான் கத்தி. அவர் கேட்பார்: "கீழ இருந்து?" நான், "ஆச்சு டாக்டர்." "மேல இருந்து?" "ஆச்சு டாக்டர்." மாதா கோயில் பூசையில் சாமியார் சொல்ல நாங்கள் பதில் சொல்வது போலத்தான். அர்த்தம் யோசிக்காமல் வாயில் வரும் அளவுக்குப் பழகிவிட்டது.

நான் தப்பு செய்த நோயாளியின் பெயர் செந்தாமரை, பாகூர்ப் பக்கத்துக் கிராமத்துக்காரி. ஐம்பதைத் தாண்டியவள். நடவு நாட்களில் வயலில் வேலை, மற்ற நாட்களில் டவுனில் சாரம் பக்கம் ஒரு டைல்ஸ் கடையைப் பெருக்கித் துடைப்பாள். கூட வந்த கணவன் கலியபெருமாள், டாக்டர் கேட்கும் முன்பே ஆரம்பித்துவிட்டார்.

"நாத்து நடுறப்ப காலைல குனிஞ்சாள்னா மத்தியானம் வரிக்கும் நிமிர மாட்டா. கூட நடுறவளுங்க எல்லாம் இவளுக்குப் பின்னாடிதான். அப்ப வலிக்காதாம். வெறுங்கைய வீசிக்கிட்டு பஸ்சுக்கு நடந்தா வலிக்குதாம். இது எந்த ஊரு வலின்னு நீங்களே கேளுங்க டாக்டர்."

செந்தாமரை அவரைப் பார்க்கவே இல்லை. "அஞ்சு வருசமா இதத்தான் சொல்றாரு. கடையிலயும் இதத்தான் சொல்றாங்க. வேலைக்கு டிமிக்கி குடுக்கறேனாம்" என்றாள் டாக்டரிடம்.

டாக்டர் அவளோடு நடந்தார். நாலாவது கதவில் சுவரைப் பிடித்தாள். தள்ளுவண்டியோடு பதினோரு கதவும் போய்த் திரும்பினாள். "அந்தம்மா சொல்றது சரி. குனிஞ்சா வலிக்காது, நிமிந்தா வலிக்கும். இந்த நோய் அப்படித்தான்" என்று டாக்டர் கலியபெருமாளிடம் சொன்னார். அவர் மரியாதைக்குத் தலையாட்டினார். டாக்டர்கள் எல்லா நோயாளிகளுக்கும் சாதகமாகத்தான் பேசுவார்கள் என்பது அவர் எண்ணம்.

பயிற்சி பார்த்தார்கள், பலன் இல்லை. ஊசி போட்டார்கள், எட்டு நாள் நன்றாக நடந்தாள், அப்புறம் பழையபடி ஆகிவிட்டது. ஆபரேஷனுக்கு முதல் நாள் படம் எடுக்க என்னிடம் வந்தபோது, "பயமா இருக்காம்மா?" என்று கேட்டேன்.

"பயம் இல்ல நர்சம்மா. ஆபரேசன் பண்ணி சரியாயிட்டா அப்பவாச்சும் நம்புவாங்க இல்ல?"

வலி போக வேண்டும் என்று அவள் சொல்லவில்லை. அது எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும். நான் "தோள இறக்குங்க, மூச்ச இழுத்துப் புடிங்க" என்றேன்.

ஆபரேஷன் அன்று மூன்றாவது கேஸ் அவள். மதியம் இரண்டு மணி. வெளியில் எடுத்த ஸ்கேனின் ரிப்போர்ட்டில் நாலாவது எலும்புக்கும் ஐந்தாவது எலும்புக்கும் நடுவில் குறுகல் என்று போட்டிருந்தது. குப்புறப் படுக்க வைத்துத் துணி போர்த்தி, டாக்டர் அடையாளத்துக்கு ஒரு ஊசியைக் குத்தினார். நான் பக்கவாட்டில் படம் எடுத்துக் கீழிருந்து எண்ணினேன். ஊசி முனை நாலு-ஐந்தைக் காட்டியது. மேலிருந்து எண்ண வேண்டுமென்றால் மெஷினை நகர்த்த வேண்டும். நகர்த்தினால் துணி விலகும், துணி விலகினால் மறுபடி போர்த்த வேண்டும், மயக்க மருந்து டாக்டர் கடிகாரத்தைப் பார்ப்பார். காலையில் இரண்டு கேஸுக்கு இதையெல்லாம் செய்திருந்தேன். என் முதுகு வேறு விண்விண் என்று தெறித்தது.

"கீழ இருந்து?"

"ஆச்சு டாக்டர்."

"மேல இருந்து?"

"ஆச்சு டாக்டர்."

பொய் சொல்கிறோம் என்று தோன்றவே இல்லை. எத்தனையோ வருடமாகச் சொல்லும் வார்த்தை, தானாக வந்தது.

குழாய்கள் இறங்கின. அரை மணி கழித்து டாக்டர் மைக்ராஸ்கோப்பிலிருந்து முகத்தை எடுத்து, "சவ்வு அவ்வளவு தடிப்பா இல்லையே. லெவல் இன்னொரு தடவ பாருங்க மேரி" என்றார். மறுபடி படம் எடுத்து மறுபடி கீழிருந்து எண்ணினேன். "சரிதான் டாக்டர்" என்றேன். தப்பான இடத்திலிருந்து எத்தனை தடவை எண்ணினாலும் ஒரே விடைதான் வரும். அது எனக்குத் தைரியமாகக்கூட இருந்தது.

மறுநாள் செந்தாமரை வராந்தாவில் நடந்தாள். நாலு கதவு.

நரம்பு தேற நாளாகும் என்று சொல்லி அனுப்பினார்கள். இரண்டு வாரத்தில் வந்தாள், நாலு கதவு. ஆறு வாரத்தில் வந்தாள். நிற்க வைத்து ஒரு எக்ஸ்ரே எடுக்கச் சொல்லி டாக்டர் அவளை என்னிடம் அனுப்பினார். அவள் உடை மாற்றிக்கொண்டிருந்தபோது கலியபெருமாள் என் பக்கம் வந்து, இரகசியம் சொல்வது போல் குரலைத் தாழ்த்தினார்.

"இவ்ளோ பெரிய டாக்டரு ஆபரேசன் பண்ணியும் வலிக்குதுன்னா இன்னா அர்த்தம்? அவளுக்கு மனசுலதாம்மா கோளாறு. எனக்கு அப்பவே தெரியும். சின்ன டாக்டரு ஒருத்தரு மனநல டாக்டர பாக்கச் சொல்லிச் சீட்டு எழுதிக் குடுத்துட்டாரு."

திரைக்குப் பின்னால் செந்தாமரைக்கு அது கேட்டது. வெளியே வந்து, சுவரை ஒட்டி நின்றாள். முன்பெல்லாம் கணவனுக்கு ஏட்டிக்குப் போட்டி பேசுகிறவள். அன்று பேசவில்லை. அவளுக்கே சந்தேகம் வந்துவிட்டது என்று நினைத்தேன்.

அன்று நேராக நிற்க வைத்து முன்பக்கமாக எடுத்த படம் கொஞ்சம் பெரிதாக விழுந்தது. கடைசி விலா தெரிந்தது. பழக்க தோஷத்தில் அங்கிருந்து கீழே எண்ணினேன். ஒன்று, இரண்டு, மூன்று, நாலு, ஐந்து. ஐந்துக்குக் கீழே இன்னொன்று தனியாக நின்றது.

சிலருக்கு அப்படி இருக்கும். முக்கோண எலும்போடு ஒட்டிக்கொள்ள வேண்டிய முதல் துண்டு ஒட்டாமல் தனி எலும்பாகவே நின்றுவிடும். அதனால் அவர்களுக்கு ஒரு தொந்தரவும் இல்லை. எண்ணுகிறவர்களுக்குத்தான் தொந்தரவு. ஸ்கேன் எழுதியவர் மேலிருந்து எண்ணியிருக்கிறார், நான் கீழிருந்து, அந்த ஆறாவதையே ஐந்தாவதாக வைத்து எண்ணியிருக்கிறேன். டாக்டர் ஒரு மாடி கீழே போய் வேலை செய்துவிட்டு வந்திருக்கிறார். அவள் ஃபைலை எடுத்துப் பார்த்தேன். ஸ்கேன் ரிப்போர்ட்டின் இரண்டாம் பக்கம் ரத்தப் பரிசோதனைத் தாள்களுக்கு நடுவில் கிடந்தது. கடைசி வரியில் இந்த ஆறாவது எலும்பைப் பற்றி எழுதியிருந்தது.

எனக்குப் பயம் வந்துவிட்டது. உள்ளதைச் சொன்னால், முதலில் அவளை நினைத்துப் பயப்படவில்லை, என்னை நினைத்துத்தான். ஓய்வுக்கு ஆறு வருடம் இருந்தது. இதை நான் பார்த்தது யாருக்கும் தெரியாது. படத்தைக் கொஞ்சம் சின்னதாக இன்னொன்று எடுத்து அனுப்பினால் விலா தெரியாது, யாரும் எண்ண மாட்டார்கள். கோயிலில் சாமியாரிடம் பாவசங்கீர்த்தனத்தில் சொல்லி மன்னிப்பு வாங்கிக்கொள்ளலாம், அதற்குச் சனிக்கிழமை வரை நேரம் இருக்கிறது. இதையெல்லாம் நான் யோசித்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் செந்தாமரை அசையாமல் நின்றுகொண்டிருந்தாள். நான் மூச்சைப் பிடிக்கச் சொன்னவள், விடச் சொல்லவில்லை.

படத்தையும் ரிப்போர்ட்டையும் எடுத்துக்கொண்டு டாக்டர் அறைக்குப் போனேன். அவர் பேனா முனையால் எண்ணினார். மறுபடி எண்ணினார். பேனாவை மூடினார்.

"அன்னைக்கு மேல இருந்து எண்ணினீங்களா மேரி?"

"இல்ல டாக்டர்."

"ஆச்சுன்னு சொன்னீங்க."

"சொன்னேன் டாக்டர்."

குரல் நன்றாக இறங்கிவிட்டது. நான் "துஸ்மான்" வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. "ரெண்டாம் பக்கத்த நானும் திருப்பல. சவ்வு சரியில்லன்னு தோணினப்ப நானே எழுந்து வந்து பாத்திருக்கணும்" என்றார். எழுந்து, சட்டைப் பொத்தானைச் சரி செய்துகொண்டார். "அவங்க ரெண்டு பேரையும் உள்ள கூப்பிடுங்க. நீங்களும் இருங்க."

அவர் உட்காரவில்லை. நின்றுகொண்டே சொன்னார். "அம்மா, தப்பு எங்களுது. எலும்ப எண்ணினதுல தப்பு பண்ணி, வேற எடத்துல ஆபரேஷன் பண்ணிட்டோம். உங்களுக்குக் குறுகலா இருக்கற எடம் அப்படியே இருக்கு. நாங்க அதத் தொடவே இல்ல."

"எண்ணினது நான்தாம்மா. முழுசா எண்ணாமலே எண்ணிட்டேன்னு சொன்னேன்" என்றேன். மன்னிப்புக் கேட்டேன் என்று நினைக்கிறேன்.

அவள் கத்துவாள், அடிக்கக்கூட வருவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் டாக்டர் பக்கம் திரும்பினாள்.

"அப்ப வலிக்கிற எடம் அப்படியேதான் கீதுங்களா?"

"அப்படியேதான் இருக்கு."

"வலிச்சது நெசம்தான்?"

"நெசம்தாம்மா. வலிக்காம இருந்தாத்தான் அதிசயம்."

செந்தாமரை நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "இன்னொரு தடவ சொல்லுங்க டாக்டர். இவரு சரியா கேக்கல" என்றாள்.

கலியபெருமாளுக்கு நன்றாகவே கேட்டிருந்தது. இருந்தாலும் டாக்டர் அவர் பக்கம் திரும்பி முதலிலிருந்து முழுவதையும் சொன்னார். அந்த மனிதர் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார், எடுத்த துண்டை முகத்தை விட்டு இறக்கவில்லை. "பஸ் ஸ்டாண்டுல இவள விட்டுட்டு முன்னாடி நடந்துடுவேன் டாக்டர். வர வரைக்கும் திட்டுவேன்" என்றார் துண்டுக்குள்ளிருந்து. செந்தாமரை, மனநல டாக்டருக்கு எழுதிய சீட்டை மடியிலிருந்து எடுத்து டாக்டர் மேஜையில் வைத்தாள்.

ஆஸ்பத்திரி நிர்வாகம் அவர்களிடம் எழுத்தில் ஒப்புக்கொண்டது. எனக்கு ஒரு மெமோ வந்தது. என்னைக் கேட்டால் அது குறைவு. செந்தாமரை மறு ஆபரேஷனுக்கு வேறு ஆஸ்பத்திரிக்குப் போவதானால் தானே கடிதம் எழுதித் தருவதாக டாக்டர் சொன்னார். அவள் யோசித்துவிட்டு இங்கேயே செய்துகொள்கிறேன் என்றாள். எங்கள் மேல் நம்பிக்கையா என்று கவிதா பிறகு கேட்டாள். எனக்குத் தெரியாது. இன்னொரு இடத்தில் போய் முதலிலிருந்து எல்லோரையும் நம்ப வைக்க அவளுக்குத் தெம்பு இல்லாமல்கூட இருந்திருக்கலாம்.

இரண்டாவது ஆபரேஷன் அன்று இரண்டு பக்கமிருந்தும் எண்ணினேன், ஸ்கேனோடு வைத்துப் பார்த்தேன், கவிதாவையும் எண்ணச் சொன்னேன். சவ்வு எப்படித் தடித்திருந்தது என்றால், டாக்டர் மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைத்தபடியே "பாவம்" என்றார். மறுநாள் அவள் பதினோரு கதவையும் தாண்டி, படி இறங்கி, வாசல் காவலாளி தடுக்கும் வரை போனாள். கலியபெருமாள் பையைத் தூக்கிக்கொண்டு பின்னால் ஓடினார்.

அதற்கு அடுத்த வாரம் வேறொரு கேஸ். "மேல இருந்து?" என்று டாக்டர் கேட்டார். "ஆச்சு டாக்டர்" என்றேன். அவர் கையுறை போட்ட இரண்டு கையையும் மார்போடு சேர்த்துக்கொண்டு, மேஜையைச் சுற்றி என் திரை வரை வந்தார். தானே ஒருமுறை எண்ணினார். திரும்பிப் போய்க் கத்திக்குக் கை நீட்டினார்.

அடுத்த கேஸுக்கும் வந்தார். அதற்கடுத்த கேஸுக்கும் வந்தார். என்னிடம் பேசும் விதத்தில் ஒரு மாற்றமும் இல்லை, அதே மரியாதை, அதே குரல். என் மகள் கல்யாணத்துக்கு வந்து இரண்டு மணி நேரம் உட்கார்ந்துவிட்டுப் போனார். ஆனால் என் வார்த்தையை மட்டும் வைத்துக்கொண்டு கத்தியை எடுக்கவில்லை.

ஆறு வருடம் கழித்து எனக்கு ஓய்வு நாள் வந்தது. மாலையில் கேக், சால்வை என்று எல்லாம் ஏற்பாடு செய்திருந்தார்கள். காலையில் ஒரு கேஸ் இருந்தது, சாதாரண முதுகு, ஐந்தே எலும்பு.

"மேல இருந்து?"

"ஆச்சு டாக்டர்."

அவர் மேஜையைச் சுற்றி வந்து எண்ணிப் பார்த்துவிட்டுப் போனார்.